ஒப்புக்குச் சேர்த்தால் போதுமா? வகுப்பறைப் பன்முகத்தன்மை பற்றி ஓர் எளிய விளக்கம்

பிள்ளைகளின் விளையாட்டில் "ஒப்புக்குச் சப்பாணி" என்று ஒரு பதவி உண்டு. ஒரு பொடியனை ஆட்டத்தில் சேர்க்காவிட்டால் பெரியவர்களிடம் திட்டு விழும். சேர்த்தால் ஆட்டம் கெடும். அதனால் சேர்த்தது மாதிரி சேர்த்துக்கொள்வார்கள். அவனும் ஓடுவான், கத்துவான், குதிப்பான். ஆனால் அவன் அவுட் ஆனாலும் கணக்கில்லை, அவன் யாரையாவது தொட்டாலும் கணக்கில்லை. களத்துக்குள்தான் நிற்கிறான், ஆட்டத்துக்குள் இல்லை.

வகுப்பறைகளில் பன்முகத்தன்மை, உள்ளடக்கம் என்றெல்லாம் இப்போது பேசுகிறார்களே, அந்தப் பேச்சு முழுக்க இந்த ஒரு வித்தியாசத்தைப் பற்றியதுதான். (நடக்க முடியாத ஒருவரைக் கேலியாக இழுத்துவந்துதான் இந்தச் சொல்லையே செய்திருக்கிறோம் என்பதையும் கவனியுங்கள். இத்தனை காலம் யாருக்கும் அது உறுத்தவில்லை.)

முதலில் இரண்டு சொற்களையும் பிரித்துக்கொள்வோம். பன்முகத்தன்மை என்பது ஒரு நிலவரம். முப்பது பிள்ளைகளை ஓர் அறையில் உட்காரவைத்தால் முப்பது விதமாகத்தான் இருப்பார்கள். அதை யாரும் ஏற்பாடு செய்ய வேண்டியதில்லை. உள்ளடக்கம் என்பது செயல். யாராவது செய்தால்தான் நடக்கும். "எங்கள் பள்ளியில் எல்லாவிதப் பிள்ளைகளும் படிக்கிறார்கள்" என்று ஒருவர் பெருமைப்பட்டால், "சரி, அவர்களுக்காக நீங்கள் எதை மாற்றினீர்கள்?" என்று கேட்கலாம். முதல் வாக்கியம் பன்முகத்தன்மை. இரண்டாவது கேள்விக்கு வரும் பதில்தான் உள்ளடக்கம்.

'உள்ளடக்கம்' என்ற சொல்லோடு எனக்குக் கொஞ்சம் மனத்தாங்கல் உண்டு. கேட்டால் புத்தகத்தின் பொருளடக்கம் ஞாபகத்துக்கு வருகிறது. போதாததற்கு உள்ளே ஓர் 'அடக்கு' வேறு உட்கார்ந்திருக்கிறது. பிள்ளைகள் சொல்லும் "என்னையும் சேர்த்துக்கோ" இதைவிட நல்ல தமிழ். ஆனாலும் பாடநூல்களிலும் அரசாணைகளிலும் 'உள்ளடக்கிய கல்வி' என்றே நிலைத்துவிட்டதால் இங்கேயும் அதையே வைத்துக்கொள்கிறேன், இடையிடையே 'சேர்த்துக்கொள்வது' என்றும் சொல்வேன்.

வெளியே, பக்கத்தில், உள்ளே

ஒரு பிள்ளையைப் பள்ளி நடத்தும் விதத்தை நான்காகப் பிரிப்பது வழக்கம். மாற்றுத்திறனாளிகளின் உரிமைகளுக்கான ஐ.நா. குழு 2016இல் வெளியிட்ட விளக்கக் குறிப்பிலும் இந்தப் பிரிவினை இருக்கிறது.

பள்ளியிலேயே சேர்க்காமல் விட்டால் அது விலக்கல். "இவர்களுக்கென்று தனி இடம் இருக்கிறது, அங்கே போங்கள்" என்றால் அது பிரித்துவைத்தல். பொதுப் பள்ளியில் சேர்த்துக்கொண்டு, "எங்கள் வகுப்பு இப்படித்தான் நடக்கும், ஈடுகொடுக்க முடிந்தால் இரு" என்றால் அது ஒருங்கிணைப்பு. வகுப்பு நடக்கும் விதத்தையே அந்தப் பிள்ளையையும் எண்ணி மாற்றினால் அது உள்ளடக்கம்.

மூன்றாவதுக்கும் நான்காவதுக்கும் நடுவில்தான் பெரும்பாலான பள்ளிகள் சிக்கிக்கொள்கின்றன. சக்கர நாற்காலியில் வரும் மாணவிக்கு இடம் கொடுத்தாயிற்று, வாசலில் சாய்தளமும் கட்டியாயிற்று. அறிவியல் ஆய்வகம் மட்டும் மாடியில் இருக்கிறது. மற்றவர்கள் படியேறிப் போகும்போது அவள் கீழே உட்கார்ந்து அதே பாடத்தைப் புத்தகத்தில் படிக்கிறாள். வருகைப்பதிவில் அவளுக்கு நூற்றுக்கு நூறு. ஒப்புக்குச் சப்பாணி என்று நான் சொல்வது இதைத்தான்.

இந்த நான்கு படிகளும் ஒரே நாளில் தோன்றியவை அல்ல. 1954இல் அமெரிக்க உச்ச நீதிமன்றம், கறுப்பினப் பிள்ளைகளையும் வெள்ளையினப் பிள்ளைகளையும் தனித்தனிப் பள்ளிகளில் வைப்பது அரசியல் சட்டத்துக்கு விரோதமானது என்று ஒருமனதாகத் தீர்ப்பளித்தது. கட்டடமும் புத்தகமும் சமமாகவே இருந்தாலும், பிரித்துவைப்பதே சமமின்மைதான் என்பது அந்தத் தீர்ப்பின் சாரம். அந்த வாதத்தை உடல், மனக் குறைபாடு உள்ள பிள்ளைகளின் பெற்றோர் கையில் எடுத்தார்கள். அப்படித்தான் 1975இல் அந்த நாட்டில் அவர்களுக்கான கல்விச் சட்டம் வந்தது. இத்தாலி இன்னும் ஒரு படி மேலே போய், 1977இல் கட்டாயக் கல்வியில் இருந்த தனி வகுப்புகளையே ஒழித்து, பொது வகுப்பில் கூடவே நிற்கும் ஆதரவு ஆசிரியர்களை நியமித்தது. 1994இல் ஸ்பெயினின் சலமாங்கா நகரில் 92 நாடுகளின் அரசுகளும் 25 பன்னாட்டு அமைப்புகளும் கூடி, எல்லாப் பிள்ளைகளுக்கும் பொதுப் பள்ளியே இடம் என்ற பிரகடனத்தை ஏற்றன. 2006இல் ஐ.நா.வின் மாற்றுத்திறனாளிகள் உரிமை உடன்படிக்கை, தன் 24ஆம் பிரிவில் உள்ளடக்கிய கல்வியை உரிமை என்றே எழுதிவிட்டது. சலுகையாகத் தொடங்கிய பேச்சு உரிமையில் வந்து நின்றிருக்கிறது.

சராசரி மாணவரைப் பார்த்திருக்கிறீர்களா?

பாடம் நடத்துகிறவர் மனத்தில் எப்போதும் ஒரு மாணவர் இருப்பார். ரொம்பக் கெட்டியும் இல்லை, ரொம்ப மந்தமும் இல்லை. கண் தெரியும், காது கேட்கும், பாடமொழி நன்றாக வரும், வீட்டில் மேசையும் விளக்கும் உண்டு, நாற்பது நிமிடம் அசையாமல் உட்காருவார். அந்தச் சராசரி மாணவருக்காக நடத்தினால் பெரும்பாலோருக்குப் போய்ச் சேரும் என்று நம்புகிறோம்.

இந்த நம்பிக்கையைச் சோதித்துப் பார்த்த ஒரு கதை விமானப்படையிலிருந்து வருகிறது. 1950 வாக்கில் அமெரிக்க விமானப்படை தன் விமானிகள் 4,063 பேரின் உடலை அளந்தது. பழைய அளவுகளை வைத்துச் செய்த விமானி அறை, இப்போதுள்ளவர்களுக்குப் பொருந்தவில்லையோ என்ற சந்தேகம். புதிய சராசரியைக் கண்டுபிடித்தால் போதும் என்று எல்லோரும் நினைத்தார்கள். கில்பர்ட் டேனியல்ஸ் என்ற இளம் அதிகாரி மட்டும், இந்தச் சராசரிக்குள் உண்மையில் எத்தனை பேர் வருகிறார்கள் என்று எண்ணிப் பார்த்தார். உயரம், மார்பளவு, கை நீளம் என்று பத்து அளவுகளை எடுத்துக்கொண்டார். சராசரிக்கு இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் தாராளமாகவே இடம் விட்டார். பத்திலும் சராசரிக்குள் வந்தவர் ஒருவர்கூட இல்லை. ஒருவருக்குக் கை நீளம், கால் குட்டை. இன்னொருவருக்கு மார்பு அகலம், இடுப்பு ஒடுக்கம். எல்லோருக்கும் பொதுவாகச் செய்த இருக்கை, சரியாகச் சொன்னால், யாருக்குமே செய்யப்படவில்லை.

எனக்கு இதில் பிடித்தது அடுத்து நடந்ததுதான். இருக்கைக்குப் பொருந்தும் விமானிகளைத் தேடாமல், முன்னும் பின்னும் நகரும் இருக்கையைச் செய்யச் சொன்னார்கள். இன்று எந்தக் காரிலும் அப்படிப்பட்ட இருக்கைதான் இருக்கிறது. அதைச் சலுகை என்று யாரும் சொல்வதில்லை.

வகுப்பறையில் உள்ள வேறுபாடுகள் பத்து அளவோடு நிற்பவை அல்ல. தாய்மொழி, மதம், இனம், வீட்டு வருமானம், ஆண்-பெண், உடல் குறைபாடு ஆகியவற்றை எல்லோரும் சொல்லிவிடுவார்கள். கண்ணில் படாதவை ஏராளம். நிறங்களைப் பிரித்தறிவதையே எடுத்துக்கொள்ளுங்கள். வட ஐரோப்பிய வம்சாவளியினரில் ஏறக்குறைய 12 ஆண்களில் ஒருவருக்குச் சிவப்பு-பச்சை வேறுபாடு சரியாகத் தெரியாது. பெண்களில் 200 பேரில் ஒருவருக்கு. மற்ற மக்களிடம் இந்த விகிதம் குறைவு, ஆனாலும் உண்டு. பச்சைப் பலகையில் சிவப்புச் சாக்பீஸால் அடிக்கோடிட்டு "முக்கியமானதைச் சிவப்பில் போட்டிருக்கிறேன்" என்று சொல்லும்போது, ஒரு பையனுக்கு முக்கியமானது மட்டும் தெரியவில்லை. தனக்குத் தெரியவில்லை என்பதும் பல நேரம் அவனுக்குத் தெரியாது.

வயதும் அப்படித்தான். சேர்க்கைக்கான கடைசித் தேதியை ஒட்டிப் பிறந்த பிள்ளைக்கும், அதே வகுப்பில் ஏறக்குறைய ஒரு வருடம் மூத்த பிள்ளைக்கும் ஒரே பாடம், ஒரே தேர்வு. ஐந்து வயதில் ஒரு வருடம் என்பது வாழ்ந்த காலத்தில் ஐந்தில் ஒரு பங்கு! வகுப்பிலேயே இளைய பிள்ளைகளுக்குக் கவனக்குறைபாடு இருப்பதாக முத்திரை விழுவது அதிகம் என்று பல நாடுகளில் செய்த ஆய்வுகள் காட்டியிருக்கின்றன. அவர்களில் சிலருக்குக் குறைபாடு என்று ஒன்றும் இருந்திருக்காது, சின்னப் பிள்ளைகளாக மட்டும் இருந்திருப்பார்கள்.

அப்புறம், ஒரே பிள்ளையிடம் இவற்றில் மூன்று நான்கு சேர்ந்து வரும். வேற்றுமொழி வீட்டிலிருந்து வந்த, காது மந்தமான, கூச்ச சுபாவமுள்ள ஒரு பெண் பேசாமல் இருந்தால், அதற்கு எது காரணம் என்று வெளியிலிருந்து சொல்ல முடியாது. பெரும்பாலும் "மொழி வரவில்லை" என்று எழுதிவிட்டு, காதைச் சோதிக்காமலே விட்டுவிடுவார்கள்.

எல்லோருக்கும் ஒரே மாதிரி கொடுத்தால் நியாயம்தானே?

இது நியாயமான கேள்வி, ஒரு நீதிமன்றம் வரை போன கேள்வியும்கூட. சான்பிரான்சிஸ்கோவில் சீன மொழி மட்டுமே தெரிந்த சுமார் 1,800 மாணவர்கள் ஆங்கிலப் பள்ளிகளில் எந்தத் தனி உதவியும் இல்லாமல் உட்கார்ந்திருந்தார்கள். எல்லோருக்கும் கொடுத்த அதே புத்தகம், அதே ஆசிரியர், அதே பாடத்திட்டம்தான் அவர்களுக்கும். இதில் பாகுபாடு எங்கே இருக்கிறது என்று பள்ளி நிர்வாகம் கேட்டது. 1974இல் அமெரிக்க உச்ச நீதிமன்றம் அந்த வாதத்தை ஏற்கவில்லை. பாடம் நடக்கும் மொழியே புரியாத பிள்ளைக்கு, மற்றவர்களுக்குக் கொடுத்ததையே கொடுத்ததால் சமமாக நடத்தியதாக ஆகாது என்றது.

சமமாகக் கொடுப்பதையும் நியாயமாகக் கொடுப்பதையும் விளக்க ஒரு படம் சுற்றிக்கொண்டே இருக்கும், பார்த்திருப்பீர்கள். வேலிக்கு வெளியே நின்று விளையாட்டைப் பார்க்கும் மூன்று பேர், காலுக்கடியில் பெட்டிகள். குட்டையானவருக்கு இரண்டு பெட்டி கொடுத்தால் நியாயமாம். படம் சட்டென்று புரியும். ஆனால் அதில், குட்டையாக இருப்பதுதான் குறை என்று ஆகிவிடுகிறது. அந்த வேலியை அவ்வளவு உயரத்துக்கு யார் போட்டார்கள் என்று படத்தில் யாரும் கேட்பதில்லை.

ஒரு பாடத்தை எடுத்துப் பார்ப்போம்

பேச்சாகவே போய்க்கொண்டிருக்கிறது. நீர்ச் சுழற்சிப் பாடத்தை எடுத்துக்கொள்வோம். கடல்நீர் ஆவியாகிறது, மேகமாகிறது, மழையாகிறது. எந்த நாட்டிலும் நடத்தும் பாடம்.

வழக்கமாக இப்படி நடக்கும். ஆசிரியர் பலகையைப் பார்த்துக்கொண்டே படம் வரைவார், வரைந்துகொண்டே விளக்குவார். ஆவி மேலே போவது சிவப்பு அம்பு, மழை கீழே வருவது பச்சை அம்பு. அப்புறம் பாடத்தை ஆளுக்கு ஒரு பத்தியாக எழுந்து வாசிக்கச் சொல்வார். கடைசியில் பலகையில் இருப்பதை எழுதிக்கொள்ள வேண்டும். மறுநாள் "நீர்ச் சுழற்சியை விவரி" என்று பத்து மதிப்பெண் கேள்வி.

இதில் யாரும் யாரையும் வேண்டுமென்று ஒதுக்கவில்லை. ஆனால் எண்ணிப் பாருங்கள். ஆசிரியர் முதுகைக் காட்டிப் பேசிய நேரம் முழுவதும், உதட்டசைவைப் பார்த்துப் புரிந்துகொள்ளும் பிள்ளைக்குப் பாடம் நின்றுபோயிற்று. சிவப்பு அம்பும் பச்சை அம்பும் ஒருவனுக்கு ஒரே அம்பு. வாசிப்பு தொடங்கியதும் திக்கிப் பேசும் பையன் ஒரு கணக்குப் போடத் தொடங்குவான்: முன்னால் ஏழு பேர், ஆகவே எட்டாவது பத்தி எனக்கு, அதில் 'ப'வில் தொடங்கும் சொல் இரண்டு இருக்கிறது. தன் முறை வரும்வரை அந்த எட்டாவது பத்தியைத் தவிர எதுவும் அவன் காதில் ஏறாது. வந்து முடிந்த பிறகும் ஏறாது. எழுத்தையும் ஒலியையும் இணைத்து வாசிப்பதைச் சிரமமாக்கும் டிஸ்லெக்சியா உள்ள பெண், பலகையைப் பார்த்து எழுதுவதிலேயே மூச்சு வாங்கிப்போவாள். நீராவி எங்கே போனது என்பது அவளுக்குத் தெரியும், கேட்டால் சொல்லுவாள், யாரும் கேட்கவில்லை.

இப்போது நான்கு பிள்ளைகளுக்கும் தனித்தனியாக ஏதாவது செய்வது ஒரு வழி. ஆசிரியர் ஒரே வாரத்தில் களைத்துவிடுவார். இன்னொரு வழி, பாடத்தைத் திட்டமிடும்போதே அகலமாகத் திட்டமிடுவது. இதற்குக் 'கற்றலுக்கான அனைவருக்குமான வடிவமைப்பு' என்று கொஞ்சம் வாயை அடைக்கும் பெயர் உண்டு. 1984இல் அமெரிக்காவின் மாசசூசெட்ஸில் தொடங்கப்பட்ட காஸ்ட் என்ற அமைப்பு இதை வளர்த்தெடுத்தது. மூல யோசனை கட்டடக் கலையிலிருந்து வந்தது. சக்கர நாற்காலியில் வாழ்ந்த ரொனால்ட் மேஸ் என்ற கட்டடக் கலைஞர், கட்டி முடித்த பிறகு ஒட்டுப்போடுவதைவிட முதலிலேயே எல்லோருக்கும் ஏற்றபடி கட்டுங்கள் என்றார். நடைபாதை விளிம்பைச் சாய்வாக இறக்கினால் சக்கர நாற்காலிக்காரருக்கு மட்டுமா உதவுகிறது? குழந்தையைத் தள்ளுவண்டியில் வைத்துப் போகிறவர், சூட்கேஸை உருட்டுகிறவர், முழங்கால் வலிக்காரர் எல்லோரும்தான் அதில் ஏறி இறங்குகிறார்கள்.

நீர்ச் சுழற்சிக்கு வருவோம். முதலில் வரை, அப்புறம் திரும்பி நின்று பேசு. அம்புகளுக்கு நிறத்தோடு பெயரும் எழுது, ஒன்றைத் தொடர்கோடாகவும் மற்றதைப் புள்ளிக்கோடாகவும் போடு. வாசிக்க விருப்பமுள்ளவர் வாசிக்கட்டும். "பாஸ்" சொல்லலாம் என்பதை எல்லோருக்குமான விதியாக்கு. படத்தை அச்சிட்ட தாளில் கொடுத்துவிட்டால் எழுதும் நேரம் மிச்சம், அந்த நேரத்தில் பேசலாம். ஒரு கண்ணாடிக் கிண்ணத்தில் வெந்நீர் ஊற்றி, மேலே ஒரு தட்டை மூடி, அதன் மேல் ஐஸ் வை; தட்டின் அடியில் நீர்த்துளி கோத்து விழுவதை எந்த மொழிக்காரப் பிள்ளையும் பார்க்கலாம். தேர்வில், எழுதியோ, பெயர் குறித்த படம் வரைந்தோ, வாயால் சொல்லியோ விளக்கலாம் என்று விடு. இவற்றில் ஒன்றுகூடக் குறிப்பிட்ட பிள்ளையின் பெயரைச் சொல்லிச் செய்ததல்ல. அதனால் யாரும் விரல் நீட்ட முடியாது. எந்தப் பிள்ளையும் வந்து கேட்டுக்கொண்டு நிற்கவும் வேண்டாம்.

இங்கே இரண்டு எச்சரிக்கை. பதிலை எந்த வடிவில் சொல்லலாம் என்பதைத்தான் தளர்த்துகிறோம், பதிலின் தரத்தை அல்ல. ஆவியாதல் ஏன் நடக்கிறது என்று எல்லோரும்தான் சொல்ல வேண்டும். கட்டுரை எழுதுவதையே கற்பிக்கும் வகுப்பென்றால் அங்கே எழுதித்தான் ஆக வேண்டும், அதற்கு வேறு உதவிகள் செய்யலாம். "பாவம், இந்தப் பிள்ளைக்கு இது போதும்" என்பது அன்பு போலத் தெரியும் ஒதுக்கல். ராபர்ட் ரோசென்தால், லெனோர் ஜேகப்சன் இருவரும் ஒரு தொடக்கப் பள்ளியில் செய்து 1968இல் புத்தகமாக வெளியிட்ட ஆய்வு இதைத் தொடுகிறது. சீட்டுக் குலுக்கியது போலத் தேர்ந்த சில பிள்ளைகளை, "இவர்கள் இந்த ஆண்டு வேகமாக மலரப்போகிறார்கள்" என்று ஆசிரியர்களிடம் சொல்லிவைத்தார்கள். சின்ன வகுப்புகளில் அந்தப் பிள்ளைகள் உண்மையிலேயே கூடுதலாக முன்னேறினார்கள். அந்த முன்னேற்றத்தின் அளவு பற்றி ஆய்வாளர்கள் இன்றுவரை சண்டை போடுகிறார்கள். ஆனாலும் ஆசிரியரின் எதிர்பார்ப்பு பிள்ளையை எட்டாமல் போவதில்லை என்பதைப் பெரும்பாலோர் ஏற்கிறார்கள்.

இன்னொன்று: "சில பிள்ளைகள் பார்த்துக் கற்பவர்கள், சிலர் கேட்டுக் கற்பவர்கள்" என்று பிரித்து ஒட்டும் பழக்கம் பல பயிற்சி வகுப்புகளில் இருக்கிறது. அப்படிப் பிரித்து அந்தந்த வகையில் கற்பித்தால் அதிகம் கற்கிறார்கள் என்பதற்கு நம்பத்தகுந்த சான்று கிடைக்கவில்லை. பல வழிகளை எல்லோருக்கும் திறந்துவைப்பது வேறு, ஒரு பிள்ளையை ஒரே வழிக்குள் அடைத்துப் பெயர்ச்சீட்டு ஒட்டுவது வேறு.

பிள்ளைகளுக்குள்ளே

ஆசிரியர் எல்லாம் சரியாகச் செய்தும் சாப்பாட்டு நேரத்தில் ஒரு பிள்ளை தனியாக உட்காரலாம். வேறுபட்ட பிள்ளைகளைப் பக்கத்தில் பக்கத்தில் உட்காரவைத்தால் தானாகப் பழகிவிடுவார்கள் என்பது பாதி உண்மைதான். கோர்டன் ஆல்போர்ட் என்ற உளவியலாளர் 1954இலேயே இதற்கு நிபந்தனைகள் சொன்னார். சேரும் இரு தரப்புக்கும் அங்கே சம அந்தஸ்து இருக்க வேண்டும், பொதுவான குறிக்கோள் இருக்க வேண்டும், அதை அடைய ஒருவரையொருவர் நம்பியிருக்க வேண்டும், மேலே இருப்பவர்கள் அந்தப் பழக்கத்தை ஆதரிக்க வேண்டும். இவை இல்லாமல் பக்கத்தில் உட்காரவைத்தால் வெறுப்பு கூடவும் செய்யலாம்.

1971இல் டெக்சஸின் ஆஸ்டின் நகரப் பள்ளிகளில் நடந்தது ஏறக்குறைய அதுதான். இனவாரியாகப் பிரித்துவைத்த பள்ளிகளை ஒன்றாக்கியதும் வகுப்பறைக்குள் சண்டை. எலியட் ஆரன்சன் என்ற உளவியலாளரை அழைத்தார்கள். அவர் வகுப்பில் கண்டது, யார் முதலில் கை தூக்குவது என்ற போட்டியைத்தான். ஒருவர் தப்பாகச் சொன்னால் மற்ற ஐந்து பேருக்கு மகிழ்ச்சி. இந்த அமைப்பில் நட்பு எப்படி வளரும்?

அவர் செய்தது எளிமையானது. ஒரு தலைவரின் வாழ்க்கையைப் படிக்க வேண்டுமென்றால் அதை ஆறு துண்டாக்குங்கள்: பிள்ளைப்பருவம், படிப்பு, போராட்டம் என்று. ஆறு பேர் கொண்ட கலவையான குழுவில் ஆளுக்கு ஒரு துண்டு. ஒருவர் கையில் இருப்பது இன்னொருவரிடம் இல்லை. முதலில், ஒரே துண்டு கிடைத்தவர்கள் எல்லாக் குழுக்களிலிருந்தும் வந்து ஒன்றாக உட்கார்ந்து அதைத் தெளிவாகப் படித்துக்கொள்வார்கள். அப்புறம் தங்கள் குழுவுக்குத் திரும்பி மற்ற ஐந்து பேருக்கும் கற்றுக்கொடுப்பார்கள். தேர்வு முழு வாழ்க்கையிலிருந்தும் வரும். இப்போது தயங்கித் தயங்கிப் பேசும் பையனைக் கேலி செய்தால் நஷ்டம் கேலி செய்கிறவனுக்குத்தான், அவன் துண்டு கிடைக்காது. பொறுமையாகக் கேட்பதும், கேள்வி கேட்டு வெளியே கொண்டுவருவதும் சுயநலத்துக்காகவாவது தேவைப்படுகிறது. இதற்கு ஜிக்சா முறை என்று பெயர். துண்டுகளைச் சேர்த்துப் படமாக்கும் விளையாட்டின் பெயர்தான்.

பல வகுப்புகளில் 'குரூப் ஒர்க்' என்ற பெயரில் நடப்பது இதுவல்ல. வேகமான ஒரு பிள்ளை எல்லாவற்றையும் செய்யும், அழகாக எழுதும் பிள்ளை தலைப்பு எழுதும், மிச்சப் பேர் பெயர் எழுதிக்கொள்வார்கள். அங்கே ஒப்புக்குச் சப்பாணி ஒருவரல்ல, நான்கு பேர்.

புத்தகத்தில் யார் இருக்கிறார்கள் என்பதும் இதோடு சேர்ந்ததுதான். பிள்ளைகளுக்கான புத்தகங்கள் கண்ணாடியாகவும் சன்னலாகவும் இருக்க வேண்டும் என்று ரூடின் சிம்ஸ் பிஷப் என்ற கல்வியாளர் 1990இல் எழுதினார். தன் முகத்தைப் பார்க்கக் கண்ணாடி, பிறர் வாழ்வைப் பார்க்கச் சன்னல். சில பிள்ளைகளுக்கு எல்லாப் பக்கமும் கண்ணாடியாகவே அமைந்துவிடுகிறது, சிலருக்கு ஒன்றுகூட இல்லை. பாடநூலைப் புரட்டி, சக்கர நாற்காலியில் இருக்கும் பிள்ளை எந்தப் பாடத்தில் வருகிறது என்று பாருங்கள். வந்தால், "பிறருக்கு உதவுவோம்" பாடத்தில்தான் பெரும்பாலும் வரும். கணக்குப் பாடத்தில் மாம்பழம் வாங்கும் பிள்ளையாக ஏன் வரக்கூடாது?

வருகைப்பதிவு எடுக்கும்போது வாயில் நுழையாத பெயரைச் சுருக்கி ஒரு செல்லப் பெயர் வைத்துவிடுவதும் உண்டு. அந்தப் பிள்ளையிடம் ஒரு தடவை கேட்டுச் சரியாகச் சொல்லப் பழக ஒரு நிமிடம்கூட ஆகாது.

முடியுமா?

"நாற்பது பேர், ஒரே ஆசிரியர், இதெல்லாம் எப்படி முடியும்?" என்று கேட்பவர்களைக் குறை சொல்ல மாட்டேன். பயிற்சியும் உதவியாளும் கருவியும் கொடுக்காமல், பிள்ளையை மட்டும் பொது வகுப்பில் கொண்டுவந்து விட்டுவிட்டு அதற்கு உள்ளடக்கம் என்று பெயர் சூட்டுவது ஆசிரியருக்கும் அநியாயம், பிள்ளைக்கும் அநியாயம். மேலே சொன்னவற்றில் திரும்பி நின்று பேசுவது போன்றவற்றுக்குச் செலவில்லை. ஆனால் சைகை மொழி தெரிந்த ஆசிரியர், பிரெயில் புத்தகம், பேச்சுப் பயிற்சியாளர் இவையெல்லாம் பணம் கேட்பவை. நல்ல மனம் அவற்றுக்கு மாற்றாகாது.

"மற்ற பிள்ளைகளின் படிப்பு கெடாதா?" என்பது பெற்றோர் மெதுவாகக் கேட்கும் கேள்வி. இதுபற்றிய ஆய்வுகளைத் தொகுத்துப் பார்த்தவர்கள், பெரும்பாலும் மற்றவர்களின் மதிப்பெண் பாதிக்கப்படவில்லை, சில இடங்களில் சற்று உயர்ந்துமிருக்கிறது என்றே சொல்கிறார்கள்.

எல்லோரையும் ஒரே அறையில் வைப்பதுதான் எப்போதும் விடையா என்பதில் உண்மையான கருத்து வேறுபாடு உண்டு. காது கேளாதோரைக் கேளுங்கள். 1880இல் இத்தாலியின் மிலான் நகரில் கூடிய கல்வியாளர் மாநாடு, காது கேளாத பிள்ளைகளுக்குச் சைகை மொழி வேண்டாம், வாய்ப்பேச்சிலேயே கற்பிக்க வேண்டும் என்று தீர்மானித்தது. 'எல்லோரையும் போல ஆக்குவோம்' என்ற நல்லெண்ணம்தான். தலைமுறை தலைமுறையாகப் பிள்ளைகள் தங்களுக்கு இயல்பாக வரும் மொழியை இழந்தார்கள். 2010இல் வான்கூவரில் கூடிய அதே வரிசை மாநாடு அந்தத் தீர்மானங்களை நிராகரித்து வருத்தம் தெரிவித்தது. கேட்கும் முப்பது பேருக்கு நடுவில், சைகை தெரிந்த ஒருவரும் இல்லாமல் தன்னந்தனியாக ஒரு காது கேளாத பிள்ளையை உட்காரவைத்தால் அது எந்தக் கணக்கில் சேரும்? ஐ.நா. உடன்படிக்கையின் 24ஆம் பிரிவும் சைகை மொழியைக் கற்க வசதி செய்ய வேண்டும், காது கேளாதோர் சமூகத்தின் மொழி அடையாளத்தை வளர்க்க வேண்டும் என்று தனியாகச் சொல்வது இதனால்தான்.

மிலானில் வாக்களித்தவர்களில் காது கேளாதவர் ஒருவர் மட்டுமே என்பார்கள் வரலாற்றாசிரியர்கள். "எங்களைப் பற்றி எதுவும் எங்களை விட்டுவிட்டு வேண்டாம்" என்று மாற்றுத்திறனாளிகள் இயக்கம் பின்னாளில் முழங்கியதற்குப் பின்னால் இப்படிப் பல மாநாடுகள் இருக்கின்றன. வகுப்பறையிலும் அதேதான். எது உதவும் என்று அந்தப் பிள்ளையிடமே கேட்கலாம், தனியாக, மற்றவர்கள் இல்லாதபோது. "உனக்கு என்ன பிரச்சினை?" என்று கேட்பதைவிட "எங்கே உட்கார்ந்தால் உனக்கு வசதி? நான் எதை வேறு மாதிரி செய்தால் நன்றாக இருக்கும்?" என்று கேட்டால் பதில் வரும்.

எங்கே தொடங்குவது?

ஆசிரியராக இருந்தால், ஒரு தாளில் வகுப்பின் இருக்கை வரிசையைக் கட்டம் கட்டமாக வரைந்துகொள்ளுங்கள். ஒரு வாரம், பேசிய பிள்ளையின் கட்டத்தில் ஒரு கோடு. நீங்கள் பெயர் சொல்லி அழைத்தால் ஒரு புள்ளி. மாணவர் ஒருவரையே குறிக்கச் சொல்லலாம், அது இன்னும் நேர்மையாக இருக்கும். வாரக் கடைசியில் தாளைப் பார்த்தால் சில கட்டங்கள் கறுத்துப்போயிருக்கும், சில வெள்ளையாகவே இருக்கும்.

அடுத்த வாரம் ஒரே ஒரு மாற்றம். மேரி பட் ரோ என்ற அமெரிக்க அறிவியல் கல்வியாளர் 1970களில் ஏராளமான வகுப்புகளின் ஒலிப்பதிவைக் கேட்டு ஒன்றைக் கண்டுபிடித்தார். கேள்வி கேட்ட ஆசிரியர்கள் பதிலுக்காகக் காத்திருக்கும் நேரம் சராசரியாக ஒரு நொடி. கெட்டிக்காரர் என்று நினைத்த பிள்ளைக்குக் கொஞ்சம் கூடுதலாகக் காத்திருந்தார்கள், மந்தம் என்று நினைத்த பிள்ளைக்கு இன்னும் குறைவாக. அந்த ஒரு நொடிக்குள், கேள்வியைத் தன் மொழியில் மாற்றி யோசிக்கும் பிள்ளை பாதி தூரம்கூட வந்திருக்காது. மூன்று நொடிக்கு நீட்டியபோது பதில்கள் நீளமாயின, 'தெரியாது'கள் குறைந்தன, அதுவரை பேசாத பிள்ளைகள் பேசத் தொடங்கினார்கள்.

மூன்று நொடி என்பது கேட்கச் சின்னதாக இருக்கும். வகுப்பின் முன்னால் நின்று பார்த்தால் ரொம்ப நீளம். முதல் இரண்டு நாள் உங்களுக்கே வாய் துறுதுறுக்கும், வழக்கமாக முந்திக்கொள்ளும் பிள்ளை கையை ஆட்டி ஆட்டி நாற்காலியிலிருந்து எழுந்துவிடும். மனத்துக்குள் ஒன்று, இரண்டு, மூன்று என்று எண்ணுங்கள். வாரக் கடைசியில் இரண்டாவது தாளை முதல் தாளுக்குப் பக்கத்தில் வைத்து, வெள்ளைக் கட்டங்களை மட்டும் ஒப்பிட்டுப் பாருங்கள்.